அரிஸ்டாட்டிலும் அடிமையும்

பேரறிஞர் ஒருவர் பெரும்பிழை ஒன்றைச் சொல்லிவிட்டால் அதனை என்செய்வது? மறைத்துவிடுவதா? காலத்தின்மேல் ஏற்றிக் கடந்து செல்வதா? அன்றி, அப்பிழை ஒன்றையே காட்டி அவர் எழுதிய நூல்களையெல்லாம் ஒதுக்கிவிடுவதா? இவ்வினா முதன்முதலில் என்னை வருத்தியது, யான் தமிழ் பயிலும் மாணவனாய் இருந்த 1978ஆம் ஆண்டில். அன்று தொடங்கிய ஆராய்ச்சி இன்றும் என்னளவில் முற்றுப்பெற்றதாகச் சொல்வதற்கில்லை.

அந்நாளில் யான் ஒரு தமிழ்க் கல்லூரியில் புலவர் வகுப்பின் இரண்டாம் ஆண்டில் பயின்றுகொண்டிருந்தேன். வெள்ளிக்கிழமைதோறும் மாலையில் மாணவர் மன்றம் கூடும். எங்களுக்கு நன்னூற் பாடஞ் சொன்ன ஆசிரியரே அம்மன்றத்திற்குத் தலைவர். ஓலைச்சுவடி படிக்க வல்லவர். பழைய முறையிற் பாடங் கேட்டவர். ஆயினும் மேனாட்டறிஞர் கருத்துகளையும் தம் மாணவர் அறிதல் வேண்டும் என்னும் விருப்பம் உடையவர். ஒருநாள் அவர் என்னை அழைத்து, "தம்பி, கிரேக்கப் பேரறிஞர் அரிஸ்டாட்டில் அடிமை முறை இயற்கைக்கு இயைந்தது என்று எழுதியிருக்கிறார். அடுத்த கூட்டத்தில் நீ அவர் பக்கம் நின்று பேசு. நூலாசிரியர்க்கு உரிய எழுவகை மதங்களை நன்னூலில் படித்தாயே. பிறர் கொள்கையை முதலில் மேற்கொண்டு பின்னர்க் களைவதும் அவற்றுள் ஒன்று அன்றோ? அதனைச் செய்து காட்டு," என்றார்.

மூன்று வாரம் தவணை கிடைத்தது. கல்லூரி நூல்நிலையத்தில் 'அரசியல்' என்னும் அரிஸ்டாட்டிலின் நூல், ஆங்கில மொழிபெயர்ப்பாக, மேலட்டை கிழிந்த நிலையில் இருந்தது. எனக்கு அக்காலத்தில் ஆங்கிலம் அரைகுறை. ஒரு பக்கத்தைப் படிக்க அகராதியை முப்பது முறை புரட்டுவேன். அதிலும் ஒரு நன்மை இருந்தது. விரைந்து படிப்பவர் கண்ணுக்குத் தப்பும் சொற்கள் மெல்லப் படிப்பவன் கண்ணுக்குத் தப்புவதில்லை.

அரிஸ்டாட்டில் கி.மு. 384இல் ஸ்டாகிரா என்னும் ஊரிற் பிறந்தவர். பதினேழு பதினெட்டு வயதில் ஏதென்ஸ் நகரம் போந்து, பிளேட்டோவின் கழகத்தில் 20 ஆண்டுகள் இருந்தவர். பேரரசன் அலெக்சாந்தருக்கு இளமையில் ஆசிரியராய் அமர்ந்தவர். அளவை நூல், அறநூல், செய்யுள் நூல், உயிர்நூல் என அவர் கைவையாத துறை அரிது. கோழிமுட்டைக்குள் குஞ்சு நாள்தோறும் எவ்வாறு வளர்கிறது என்பதை முட்டையை உடைத்து உடைத்துப் பார்த்து எழுதியவர். இத்தகைய கூர்த்த கண்ணினர் மாந்தரைப் பற்றிச் சொல்லுமிடத்துத் தவறியிருப்பார் என்று இருபது வயதினனாகிய என்னால் நினைக்க இயலவில்லை. ஆதலின் அவர் வாதத்தை முழு மனத்துடனேயே மேற்கொண்டேன்.

அவர் காலத்து ஏதென்ஸ் நகரம் அடிமைகளாலேயே இயங்கியது என்னலாம். வீட்டில் மாவரைப்போர் அடிமைகள். குழந்தையைப் பள்ளிக்கு அழைத்துச் செல்வோர் அடிமைகள். பட்டறையிற் கேடயம் செய்வோரும், நகரத்தில் ஒழுங்கு காத்த வில்லாளர்களும் அடிமைகளே. லாரியான் என்னும் இடத்து வெள்ளிச் சுரங்கத்தில் உழைத்தோர் நிலை இவர்கள் எல்லாரினும் இழிந்தது. நிக்கியாஸ் என்னும் படைத்தலைவன் 1,000 அடிமைகளை அச்சுரங்கத்திற்கு ஆளுக்கு நாளொன்றுக்கு ஓர் ஒபல் வீதம் வாடகைக்கு விட்டிருந்தான் என்று செனொபோன் எழுதுகிறார். மாட்டை வாடகைக்கு விடுவதுபோல மனிதனை விட்டனர் என்பதை நோக்குக. இவர்களுட் பெரும்பாலோர் திரேசு, சித்தியா, சின்ன ஆசியா முதலிய நாடுகளிலிருந்து போரிற் பிடிக்கப்பட்டோ கொள்ளையர்களால் விற்கப்பட்டோ வந்தவர்கள். கிரேக்கரும் இதற்குத் தப்பவில்லை. கி.மு. 416இல் மீலோஸ் தீவை வென்ற ஏதென்ஸ் நகரத்தார், அங்கிருந்த ஆடவரைக் கொன்று பெண்டிரையும் குழந்தைகளையும் அடிமைகளாக விற்றனர்.

இனி அரிஸ்டாட்டிலின் வாதத்தைக் கேளுங்கள். வீடு என்பது நாட்டின் உறுப்பு. வீடு நடத்தற்குக் கருவிகள் வேண்டும். கருவிகளுள் உயிரற்றனவும் உண்டு, உயிருள்ளனவும் உண்டு. மீகாமனுக்குச் சுக்கான் உயிரற்ற கருவி. முன்னணியத்தில் நின்று நீரை நோக்குவோன் உயிருள்ள கருவி. அவ்வாறே அடிமையும் உயிருள்ள உடைமை ஆவான். தறியின் நாடா தானே ஓடி நெய்யுமாயின், யாழ் தானே இசைக்குமாயின், தலைவனுக்கு அடிமை வேண்டா. அவை அங்ஙனம் இயங்காமையின் அடிமை வேண்டும் என்கிறார்.

வேண்டும் என்பதனாலேயே ஒன்று நேர்மையாகிவிடாது என்பதை அவரும் அறிவார். ஆதலின் மேலும் செல்கிறார். உயிர் உடம்பை ஆளுகிறது; அறிவு ஆசையை ஆளுகிறது; மனிதன் விலங்கை ஆளுகிறான். உயர்ந்தது ஆளுவதும் தாழ்ந்தது அடங்குவதும் இயற்கை. இருவர்க்கும் அதுவே நன்மை. மாந்தருள்ளும் சிலர், பிறர் கூறும் அறிவை உணர்ந்துகொள்ளும் அளவே உடையர். தாமே ஆராய்ந்து முடிவு காணும் அறிவு அவர்க்கு இல்லை. அவரே இயற்கையடிமை. அவரை அறிவுடையோன் ஆளுவது அவர்க்கே உறுதி பயப்பதாம். இதனோடு நாட்டின் தட்பவெப்பத்தையும் சேர்த்துக்கொள்கிறார். குளிர் நாட்டு ஐரோப்பியர்க்கு மறம் உண்டு, அறிவு குறைவு. ஆசியர்க்கு அறிவு உண்டு, மறம் இல்லை. இடைநாட்டவராகிய கிரேக்கர்க்கே இரண்டும் ஒருங்கே உண்டாம்! தம் ஊரை உலகின் நடுவாக எண்ணும் குணம் எந்நாட்டவர்க்கும் உண்டு. பேரறிஞரும் அதற்கு விலக்கல்லர் போலும்.

இவற்றையெல்லாம் கோவைப்படுத்தி மன்றத்திற் பேசினேன். உவமைகளை வேறு யானே அடுக்கினேன். மாலைக்கு நார் போலவும், தேருக்கு அச்சாணி போலவும் அடிமை நாகரிகத்தைத் தாங்கினான் என்றேன். அவன் உழைத்ததனால் அன்றோ தலைவர்க்கு ஓய்வு கிடைத்தது. ஓய்வு கிடைத்ததனால் அன்றோ மெய்ந்நூலும் நாடகமும் பிறந்தன என்று முடித்தேன். கைதட்டல் அடங்கச் சற்று நேரம் ஆயிற்று. எனக்கு உள்ளங்கால் தரையிற் பாவவில்லை.

கூட்டம் கலைந்தபின் ஆசிரியர் என்னிடம் வந்தார். "மேற்கொண்டாய், நன்று, களைந்தது எங்கே?" என்று கேட்டார். யான் வாய் திறக்கவில்லை. "மறுப்பு வேறு ஒருவர் பேசுவார் என்று நினைத்தேன், ஐயா," என்று தயங்கிக் கூறினேன். "மேற்கொண்டவனே களைய வேண்டும். பிறன் கொள்கையை உள்ளே புகுந்து பார்த்தவனுக்குத்தான் அதன் ஓட்டை தெரியும். ஒரு மாதம் எடுத்துக்கொள்," என்று சொல்லிப் போய்விட்டார்.

மீண்டும் அதே நூலைத் திறந்தேன். இம்முறை அவர் வெல்வதற்கு உதவுவனவற்றைத் தேடாமல் இடறும் இடங்களைத் தேடினேன். தேடியவனுக்கு அவை அந்நூலிலேயே கிடைத்தன. அதுதான் எனக்கு வியப்பாயிற்று.

முதலாவது: இயற்கையடிமையை எவ்வாறு கண்டறிவது? உழைப்பிற்கு ஏற்ற வலிய உடம்பை அடிமைக்கும், நிமிர்ந்த உடம்பை உரிமையுடையோனுக்கும் தர இயற்கை விரும்புகிறது என்கிறார் அரிஸ்டாட்டில். விரும்பினும், பலகால் அது மாறி நிகழ்கிறது என்று அடுத்த மூச்சிலேயே ஒப்புக்கொள்கிறார். உள்ளத்தின் அழகோ உடம்பின் அழகுபோல எளிதிற் காணப்படுவதன்று என்றும் கூறுகிறார். அங்ஙனமாயின் அடிமையை அடிமையென்று காட்டும் அடையாளம் யாது? கண்ணாலும் அறிய இயலாது. கருத்தாலும் எளிதில் அறிய இயலாது. எஞ்சியது சந்தை ஒன்றே. எவன் விலைப்பட்டானோ அவன் அடிமை. மெய்ந்நூல் கூறிய இலக்கணத்தைச் சந்தையில் யாரும் சரிபார்த்ததில்லை.

இரண்டாவது: அடிமைக்கு ஆராயும் அறிவு இல்லை என்றவர், அடிமையிடம் கட்டளை மட்டுமே பேச வேண்டும் என்போர் கூற்றை அதே முதற் பகுதியின் இறுதியில் மறுக்கிறார். குழந்தைகளைக் காட்டிலும் அடிமைகளுக்குக் காரணங்காட்டி அறிவுறுத்தல் வேண்டும் என்கிறார். காரணம் காட்டினால் ஏற்றுக்கொள்பவன் அறிவிலி ஆவானா? ஏழாம் பகுதியில் இதனினும் பெரிய முரண் ஒன்று உண்டு. அடிமைகள் எல்லார்க்கும் விடுதலையைப் பரிசாக முன்வைத்தல் நன்று. அதன் காரணத்தைப் பின்னர்க் கூறுவோம் என்று எழுதினார். இன்று நமக்குக் கிடைக்கும் நூலில் அக்காரணம் எங்கும் கூறப்படவில்லை. இயற்கையிலேயே அடிமையாய் இருத்தலே ஒருவனுக்கு நன்மை என்றால், அவனுக்கு விடுதலை பரிசாவது எங்ஙனம்? மீனுக்குக் கரையைப் பரிசாகக் கொடுப்பார் உண்டோ?

நூலை விட்டு நாட்டு நடப்பை நோக்கினேன். கி.மு. 413இல் ஸ்பார்ட்டர் ஏதென்ஸ் எல்லையில் டெக்கிலியா என்னும் இடத்தைக் கைப்பற்றி அரண் செய்தனர். அவ்வாய்ப்பைப் பயன்படுத்தி 20,000க்கு மேற்பட்ட அடிமைகள் தப்பி ஓடினர். அவருட் பெரும்பகுதியினர் கைவினைஞர் என்று தூசிடிடீஸ் தம் வரலாற்றிற் குறிக்கிறார். அடிமைநிலை அவர்க்கே உறுதி பயப்பதாயின் இருபதினாயிரவரும் தம் நன்மையை விட்டு ஏன் ஓடினர்? அதே நூற்றாண்டின் இறுதியில் அக்ரோபோலிஸ் குன்றின்மேல் எரெக்தியான் கோயில் எழுந்தது. அதன் கட்டுமானக் கணக்கு கல்லில் வெட்டப்பட்டு இன்றும் கிடைக்கிறது. குடிமக்களும், குடியேறிய அயலாரும், அடிமைகளும் ஒரே தூணில் அருகருகே நின்று வரிப்பள்ளம் செதுக்கினர். ஒரே வேலைக்கு ஒரே கூலி எழுதப்பட்டது. அடிமையின் கூலி எவர் கைக்குப் போயிற்று என்பது வேறு செய்தி. அத்தூணைத் தடவிப் பார்த்து, இப்பள்ளம் அறிவுடையோன் செதுக்கியது, இஃது அறிவிலி செதுக்கியது என்று பிரித்துச் சொல்ல வல்லார் யார்?

யான் பெரிதும் வியந்தது வேறொன்று. பிளேட்டோ எழுதிய 'மெனோ' என்னும் உரையாடலில் சாக்ரடீஸ் ஓர் அடிமைச் சிறுவனை அழைக்கிறார். தரையிற் சதுரம் ஒன்று வரைந்து, இதனைப்போல் இருமடங்கு பரப்புடைய சதுரத்திற்குப் பக்கம் எவ்வளவு இருத்தல் வேண்டும் என்று கேட்கிறார். சிறுவன் பக்கத்தை இரட்டிக்கலாம் என்கிறான்; நான்கு மடங்கு வந்துவிடுகிறது. பின்னர் ஒன்றரை மடங்கு என்கிறான், அதுவும் பொருந்தவில்லை. தனக்குத் தெரியாது என்று ஒப்புக்கொள்கிறான். மேலும் வினவ வினவ, மூலைவிட்டத்தின்மேல் வரையும் சதுரமே இருமடங்கு என்று கண்டுகொள்கிறான். இன்று நம் வகுப்புகளில் நன்கு பயிலும் மாணவர் வரும் வழியும் இதுதான். அறிவு உயிருக்குப் பிறப்பிலேயே உண்டு, கற்றல் என்பது நினைவுகூர்தலே என்று நிறுவுதற்காகச் சாக்ரடீஸ் இதனைச் செய்தார். செய்து முடித்தபின் என்ன ஆயிற்று? பேச்சு வேறு பொருளுக்குச் சென்றது. சிறுவன் தன் வேலைக்குச் சென்றான். இத்துணை அறிவுடையவனை ஏன் அடிமையாக வைத்திருக்கிறீர் என்று அங்கிருந்த ஒருவரும் மெனோவைக் கேட்கவில்லை. அவன் பெயரைக்கூடப் பிளேட்டோ எழுதவில்லை. பிளேட்டோவிடம் இருபது ஆண்டு இருந்த அரிஸ்டாட்டில் இவ்வுரையாடலை அறிவார். தம் நூலொன்றில் அதன் வாதத்தைக் குறிப்பிட்டும் இருக்கிறார். அறிந்தும் அடிமைக்கு ஆராயும் அறிவு இல்லை என்றே எழுதினார்.

மொழி பயில்வோர் அறியத்தக்க ஒன்றையும் இங்குச் சொல்லிவிடுகிறேன். கிரேக்கத்தில் 'லோகோஸ்' என்னும் ஒரு சொல்லே பேச்சையும் குறிக்கும், பகுத்தறிவையும் குறிக்கும். தம் மொழி பேசாத பிறரை அவர்கள் 'பார்பரோஸ்' என்றனர். அவர் பேச்சு 'பர் பர்' என்று பொருளற்ற ஒலியாய்க் கேட்டதனால் வந்த பெயர் அது. பேச்சு நமக்கு விளங்கவில்லை. ஆகவே அவனுக்குப் பேச்சில்லை. ஆகவே அறிவில்லை என்னும் வழுக்கு எவ்வளவு எளிதாக நிகழ்ந்துவிடும் பாருங்கள். குறை கேட்போன் செவியில் இருக்க, அதனைப் பேசுவோன் அறிவின்மேல் ஏற்றினர். நாமும் அயல்மொழியாளரை ஏளனமாக அழைத்த சொற்கள் நம் பழைய நூல்களில் இல்லாமல் இல்லை.

'அக்காலம் அப்படிப்பட்டது, யார்தாம் வேறுவகையாக நினைத்திருக்க இயலும்?' என்பார் உளர். யானும் முதலில் இவ்வாறே அமைதி கண்டேன். இவ்வமைதி பொருந்தாது என்பதற்கு அரிஸ்டாட்டிலே சான்று. ஒருவன் மற்றொருவனை ஆளுதல் இயற்கைக்கு மாறானது, சட்டத்தினாலேயே ஒருவன் அடிமையும் ஒருவன் உரிமையுடையோனும் ஆகின்றனர், வன்முறையின்பாற்பட்டமையின் அது நேர்மையன்று என்று கருதுவோர் தம் காலத்தில் இருந்ததை அவரே எழுதிவைத்திருக்கிறார். காலம் முழுவதும் ஒரே நினைவாய் இருந்ததில்லை. கேட்டவர் இருந்தனர், அவர் கேட்டதை இவர் செவியுற்றார், செவியுற்றபின் வேறு பக்கம் நின்றார். ஆகவே குற்றத்தைக் காலத்தின் தலையிற் சுமத்துதல், அக்காலத்திலேயே மறுத்து நின்றவர்க்கு நாம் இழைக்கும் இரண்டாவது அநீதி ஆகும்.

அங்ஙனம் மறுத்தவருள் ஒருவர் பெயர் நமக்குக் கிடைத்த வரலாறு சுவையுடையது. அல்கிடமாஸ் என்பவர் ஒரு சொல்லாசிரியர். ஸ்பார்ட்டர்க்குத் தலைமுறை தலைமுறையாக அடிமைப்பட்டுக் கிடந்த மெஸ்ஸீனியர், தீப்ஸ் நகரத்தார் உதவியால் கி.மு. 369ஐ ஒட்டி விடுதலை பெற்றனர். அவர் பொருட்டு அல்கிடமாஸ் ஓர் உரை இயற்றினார். அவ்வுரை மறைந்துவிட்டது. அரிஸ்டாட்டில் தம் 'சொற்கலை' நூலில், மெஸ்ஸீனிய உரையில் அல்கிடமாஸ் சொல்லியதுபோல என்று பெயரளவில் சுட்டிச் செல்கிறார். என்ன சொன்னார் என்பது கிடைக்கும் மூலத்தில் இல்லை. பிற்காலத்து உரைகாரர் ஒருவர் அவ்விடத்திற்குக் குறிப்பெழுதுமிடத்து, கடவுள் மாந்தர் எல்லாரையும் உரிமையுடையோராகவே விட்டார் என்றும், இயற்கை ஒருவரையும் அடிமையாக்கவில்லை என்றும் பொருள்படும் அவ்வுரைப் பகுதியை எடுத்து வைத்தார். உரைகாரர் ஒருவர் குறிப்பெழுதியதனால் அன்றோ அது பிழைத்தது! தகடூர் யாத்திரை போன்ற மறைந்த நூல்களின் செய்யுட்கள் சில, உரைகளிலும் தொகைகளிலும் மேற்கோளாய் நின்று நமக்கு எஞ்சியதை அறிந்த தமிழ் மாணவனுக்கு இதன் அருமை எளிதில் விளங்கும். அன்றிரவு நூல்நிலையத்தில் இதனைப் படித்தபோது அந்தப் பெயர் தெரியாத உரைகாரரை எழுந்து நின்று வணங்கலாம் போலிருந்தது.

வாதத்தின் ஓட்டையைக் கண்டாயிற்று. ஆயினும் அத்துணை பெரியவர் ஏன் வழுவினார் என்பது விளங்கவில்லை. அதற்கு விடை நூலில் இருந்து வரவில்லை. எங்கள் வீட்டிலிருந்து வந்தது. எங்கள் வீட்டிற்குச் சிறிது நிலம் உண்டு. முதிய பண்ணையாள் ஒருவர் இருந்தார். என் பாட்டனார் வயதினர். அவரை யான் ஐந்து வயதிலிருந்தே பெயர் சொல்லி 'வா, போ' என்று அழைத்தேன். அவர் என்னைச் 'சின்னய்யா' என்பார். அவர் கூலியில் ஒரு பகுதியை எங்கள் வீட்டிலேயே நிறுத்தி வைப்பது வழக்கம். 'அவனுக்குக் கணக்குத் தெரியாது. கையிற் கொடுத்தால் தொலைத்துவிடுவான். நாம் வைத்துக் காப்பதே அவனுக்கு நல்லது' என்று பெரியவர்கள் சொல்லக் கேட்டு வளர்ந்தேன். அரிஸ்டாட்டிலின் பக்கத்தை மூன்றாம் முறை படித்தபோது இக்குரல்தான் என் காதில் விழுந்தது. சொல்தான் வேறு, பொருள் ஒன்றே. அம்முதியவரோ களத்திற் கதிர்க்கட்டுகளைக் கண்ட அளவில் இத்தனை கலம் தேறும் என்பார். அளந்து பார்த்தால் ஒரு மரக்கால் முன்பின்னாக இருக்கும். அவருக்குக் கணக்குத் தெரியாது என்பதை நாங்கள் ஒருநாளும் ஆராய்ந்து கண்டதில்லை. அது எங்களுக்கு வசதியாய் இருந்தது. வசதியாய் இருந்ததனால் உண்மையாய்த் தோன்றியது. மன்றத்தில் யான் அரிஸ்டாட்டிலுக்காக அவ்வளவு நன்றாகப் பேசியதற்குக் காரணம் என் திறமை அன்று, பழக்கம்.

அந்த விடுமுறையில் ஊருக்குச் சென்றபோது களத்தில் அவரைக் கண்டு, "வாருங்கள்," என்றேன். அவர் திடுக்கிட்டுச் சுற்றுமுற்றும் பார்த்தார். "வேண்டாம், சின்னய்யா. பெரியய்யா காதில் விழுந்தால் ஏச்சு எனக்குத்தான்," என்றார். ஒரு சொல்லை மாற்றிக்கொண்டது எனக்கு எளிதாயிற்று. அதன் விலை அவர் தலையில் விழ இருந்தது. கூலிக் கணக்கைத் தந்தையாரிடம் கேட்பதற்கு எனக்கு மேலும் இரண்டாண்டு துணிவு வரவில்லை. வந்தபோது முதியவர் இல்லை. அவர் மகனிடம் தொகை சேர்ந்தது.

தமிழ்நாட்டில் அடிமை முறை இருந்ததே இல்லை என்று மேடையிற் பேசுவோரையும் கேட்டிருக்கிறேன். சோழர் காலக் கல்வெட்டுகள் சில, வறுமையால் மக்கள் தம்மைத் தாமே கோயிலுக்கு விற்றுக்கொண்ட செய்தியைக் கூறுகின்றன. சுந்தரர் வரலாற்றில் வரும் ஆளோலை வழக்கை யாவரும் அறிவர். வழக்கில் இல்லாத ஒன்றைப் புலவர் கதையில் வைத்தல் அரிது. இந்தியாவில் அடிமை உடைமைக்குச் சட்டத்தின் துணை நீங்கியது 1843இல்தான். பிறரைச் சுட்டும் விரல் நம் பக்கமும் சற்றுத் திரும்புதல் நலம்.

ஓர் அறிஞர் ஏட்டில் எழுதிய பிழையால் யாருக்கு என்ன கேடு என்று கேட்கலாம். 1550ஆம் ஆண்டில் ஸ்பெயின் நாட்டு வல்லடோலிட் நகரில் ஒரு பெரும் வாதம் நடந்தது. அமெரிக்கப் பழங்குடி மக்களைப் போரால் அடக்கி ஆளுதல் முறையா என்பது வினா. முறையே என்று வாதிட்ட செபுல்வேதா என்பவர் அரிஸ்டாட்டிலின் இயற்கையடிமைக் கொள்கையையே படைக்கலமாக எடுத்தார். லாஸ் காஸாஸ் என்னும் துறவி, அம்மக்களின் ஊர்களையும் ஆட்சியையும் கைவினைகளையும் நேரிற் கண்டவராதலின், அவற்றைச் சான்றாக்கி எதிர்த்தார். மூன்று நூற்றாண்டிற்குப் பின்னரும் அமெரிக்க ஐக்கிய நாட்டின் தென் மாநிலங்களில் அடிமை முறையைத் தாங்கி எழுதியோர் அரிஸ்டாட்டிலைத் துணைக்கு அழைத்தனர். அங்கு அது ஒழிந்தது 1865இல். பிரேசில் நாட்டில் 1888இல். எழுதியவர் மறைந்து 2,200 ஆண்டு கழிந்தும் அவர் எழுதிய சில பக்கங்கள் சாட்டை பிடித்த கைக்கு ஏடாக உதவின. சிறியோர் பிழை அவரோடு மாய்கிறது. பெரியோர் பிழைக்குப் பெரியோரின் ஆயுள் வந்துவிடுகிறது.

இதனால் அரிஸ்டாட்டிலைப் படியாதே என்று யான் சொல்லேன். அவர் நூலைப் படித்திராவிட்டால் அவரை மறுத்தோர் இருந்தனர் என்பதே எனக்குத் தெரிந்திராது. தம்மை மறுப்போரின் கருத்தையும் மறைக்காமல் எழுதிய நேர்மை அவரிடம் இருந்தது. அந்நேர்மையை வைத்தே அவர் பிழையை அளக்கிறேன். அவருடைய வாழ்க்கையும் அவருடைய வாதத்திற்கு இடங்கொடுக்கவில்லை. அவருடைய நெருங்கிய நண்பரும், அவர் மனைவி பிதியாஸுக்கு உறவினருமாகிய ஹெர்மியாஸ் என்னும் அரசர் முன்னாளில் அடிமையாய் இருந்தவர் என்று பழைய நூல்கள் கூறுகின்றன. பாரசீகர் அவரைப் பிடித்துக் கொன்றபோது அரிஸ்டாட்டில் அவரைப் புகழ்ந்து பாட்டே இயற்றினார். அடிமையிடம் அடிமை என்ற முறையில் நட்புக் கொள்ள இயலாது, மனிதன் என்ற முறையில் இயலும் என்று தம் அறநூலில் எழுதிய இடத்தில், அவர் உள்ளம் அவர் வாதத்தைத் தாண்டிச் சென்றுவிட்டது என்றே எனக்குத் தோன்றுகிறது.

இரண்டாம் முறை மன்றத்தில் யான் பேசியபோது கைதட்டல் மிகுதியாக இல்லை. உவமைகளைக் குறைத்துக்கொண்டேன். பண்ணையாளைப் பற்றிச் சொல்லுமிடத்துக் குரல் தடுமாறியது. இறுதியில் அரிஸ்டாட்டிலின் இறுதிமுறியைப் பற்றிச் சொன்னேன். டயோஜனிஸ் லாயர்டியஸ் என்பவர் அதனைத் தம் நூலிற் பேணி வைத்திருக்கிறார். கி.மு. 322இல் மறைந்த அப்பேரறிஞர், அம்பிராக்கிஸ் என்னும் பணிப்பெண்ணை விடுவித்து, தம் மகளின் திருமணத்தின்போது அவளுக்கு 500 திராக்மா கொடுக்கவேண்டும் என்று எழுதினார். அம்மகளின் திருமணத்தின்போது டைக்கோன், பிலோன், ஒலிம்பியஸ் என்போரையும், ஒலிம்பியஸின் குழந்தையையும் விடுவிக்கச் சொன்னார். தமக்குப் பணிசெய்த சிறுவர் எவரையும் விற்கலாகாது, உரிய வயது வந்தபின் தகுதி நோக்கி விடுதலை செய்க என்றும் எழுதினார். அவர்கள் இயற்கையடிமைகள் என்ற சொல் அதில் இல்லை. நூலில் பின்னர்க் கூறுவோம் என்று விட்ட காரணத்தை அங்கும் அவர் எழுதவில்லை.

என் குறிப்பேட்டை மறுவாரம் ஆசிரியர் திருப்பித் தந்தார். இரண்டிடத்தில் ஒற்றுப்பிழையைச் சிவப்பு மையாற் சுழித்திருந்தார். கடைசிப் பக்கத்தில் அந்நால்வர் பெயரை யான் வரிசையாக எழுதி, அடியில் 'ஒலிம்பியஸின் குழந்தை' என்றும் எழுதியிருந்தேன். அதன் எதிரே, "மெனோவின் சிறுவனையும் சேர்க்க," என்று ஆசிரியர் கையெழுத்தில் இருந்தது.